தள்ளி நட்ட ஸ்டாப்பு

பஸ் பேட்டை தாண்டுவதற்குள் அந்த அம்மா ரெண்டு தடவை கேட்டுவிட்டாள். “கண்டக்டர் தம்பி, என் ரெண்டு ரூவா?” பாவூர்சத்திரத்துக்கு ஒரு டிக்கெட், முப்பத்தெட்டு ரூபாய், நாற்பதை நீட்டினாள், பையில் சில்லறை இல்லை, டிக்கெட்டுக்குப் பின்னால் 2 என்று எழுதிச் சுழித்துக் கையெழுத்தும் போட்டுக் கொடுத்தாயிற்று, இதற்கு மேல் என்னதான் வேணுமாம்? முப்பத்தொரு வருஷமாக ஆவுடையப்பன் கண்டக்டர் எழுதிக் கொடுத்த பாக்கி இறங்குகிற இடத்தில் கைக்கு வராமல் போனது என்று திருநெல்வேலிக்கும் தென்காசிக்கும் நடுவில் ஒரு நாக்கு சொல்லட்டும் பார்ப்போம். “தாரேம்மா, இறங்கும்போது தாரேன், உங்க ரெண்டு ரூவாயை வச்சு நான் என்ன வீடா கட்டப் போறேன்,” என்றார். வழக்கமாகச் சொல்கிறதுதான், பஸ்ஸில் நாலு பேர் சிரிப்பார்கள், அந்த அம்மாவும் சிரித்துவிடுவாள். இன்றைக்கும் சிரித்தார்கள். ஆனால் வீடு என்ற சொல் வாயை விட்டு வெளியே வந்ததும் அவர் கை தானாகப் பையைத் தொட்டுப் பார்த்தது. தோளில் தொங்குகிற தோல் பையில் காசுக்கும் டிக்கெட் மெஷினுக்கும் நடுவே ஜிப் வைத்த பிளாஸ்டிக் கவர் ஒன்று இருந்தது, பத்திரம் நனையாமல் கொண்டுபோக வேண்டும் என்று நேற்றே பதினைந்து ரூபாய் கொடுத்து வாங்கியது. அதற்குள் பத்திரம் இல்லை. நாலாக மடித்த ஒரு பேங்க் கடிதாசிதான் இருந்தது.

எழுபத்தொன்பது. அது என்ன கணக்கு எழுபத்தொன்பது? காலையில் பத்து மணிக்கெல்லாம் பேங்க் வாசலில் போய் நின்றார், தேய்த்த காக்கி, புதுச் செருப்பு, இந்த மாசக் கடைசியில் ரிட்டயர்மென்ட், இருபது வருஷத்து வீட்டுக் கடனின் இருநூற்று நாற்பதாவது தவணை அஞ்சாம் தேதியே போய்விட்டது, வேலையும் முடிந்தது கடனும் முடிந்தது என்று ஒரே மாசத்தில் ரெண்டுக்கும் கும்பிடு போட்டுவிடலாம் என்று எத்தனை பேரிடம் சொல்லியிருப்பார். மேனேஜர் சின்ன வயசுப் பெண். உட்காருங்க சார் என்றது, தண்ணீர் வேணுமா சார் என்றது, அந்த மரியாதைதான் இப்போது நினைக்க நினைக்க எரிகிறது. “உங்களுக்கு இன்னும் எழுபத்தொன்பது தவணை இருக்கு சார்.” அவர் சிரித்தார். நம்ம டெப்போவில் இன்னொரு ஆவுடையப்பன் இருக்கான்மா, மெக்கானிக், அவன் கணக்கைப் பாக்குதியோ என்னவோ என்றார். அந்தப் பெண் கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டியது. அவர் பேர்தான். அவர் வீட்டு நம்பர்தான். “நடுவுல வட்டி ஏறிச்சு சார். தவணையை ஏத்துனா உங்களுக்குச் சுமைன்னு, தவணையை அப்படியே வச்சுக் காலத்தை மட்டும் நீட்டியிருக்கு. உங்க இ.எம்.ஐ. ஒரு ரூபாகூட ஏறலையே சார், நல்லதுதானே?” நல்லதாம்! யாருக்கு நல்லது? இந்த வார்த்தையை ஓடுகிற பஸ்ஸில் ஒரு கண்டக்டர் சொல்லியிருந்தால் சட்டை மிஞ்சியிருக்குமா? அபிஷேகப்பட்டி இறங்குகிறவங்க முன்னால வாங்க, ஏ தம்பி, படியில நிக்காத, உள்ள ஏறு, உள்ள இடமா இல்ல? ஏறல, ஒரு ரூபாகூட ஏறல. அதைத்தானே இவரும் பதினெட்டு வருஷமாக ஊர் பூராவும் பெருமை பீற்றிக்கொண்டு திரிந்தார்.

எட்டு லட்சம் வாங்கினார். மாசம் ஆறாயிரத்து ஐந்நூற்று அறுபத்தெட்டு. அன்றைக்கு அந்தத் தொகைக்கு ஒரு பவுன் வாங்கிவிடலாம், மாசாமாசம் ஒரு பவுனைக் கழற்றிக் கொடுத்தது மாதிரி. இருநூற்று நாற்பது தடவை கொடுத்தாயிற்று, பதினஞ்சே முக்கால் லட்சத்துக்கும் மேலே, ஒரு மாசம் தவறவில்லை, போனஸ் வராத வருஷமும் தவறவில்லை, அம்மா செத்துக் கிடந்த மாசமும் தவறவில்லை, காடேத்து முடிந்து சாம்பலைக் கரைத்த கையோடு ஏ.டி.எம்.மில் போய்ப் பணம் போட்டுவிட்டு வந்தார். வாங்கினது எட்டு, கட்டினது பதினஞ்சே முக்கால், இன்னும் நிற்கிறது மூணு லட்சத்து எண்பத்தேழாயிரம். இதை மாசாமாசம் கட்டி முடித்தால் அஞ்சு லட்சத்துச் சொச்சம். எந்த ஊர் நியாயம் இது? அந்தப் பெண் பொறுமையாகத்தான் சொல்லிக் கொடுத்தது, பேப்பரில் கோடு போட்டு, இது வட்டி சார், இது அசல் சார். முதல் மாசம் கட்டின ஆறாயிரத்துச் சொச்சத்தில் ஐயாயிரத்து நூற்று அறுபத்தேழு வட்டிக்குப் போய்விட்டதாம், வீட்டுக்குப் போனது ஆயிரத்து நானூற்று ஒண்ணாம். ரெண்டு வருஷம் கட்டினதில் கடன் குறைந்தது வெறும் முப்பத்தாறாயிரம். அதற்குப் பிறகு வட்டி ஒன்றரை சதவீதம் ஏறியதாம், ஏறினதும் அந்த ஆயிரத்து நானூற்றுச் சொச்சமும் சுருங்கிப் போய் அறுநூற்று எண்பத்தொண்ணு ஆகிவிட்டதாம். அதாவது ஆறாயிரத்து ஐந்நூறு கட்டுகிற மனுஷன் கடனில் குறைக்கிறது அறுநூற்று எண்பத்தொண்ணு. அந்தக் காலத்தில் ஒவ்வொரு அஞ்சாம் தேதியும் பணம் போய்விட்டது என்ற மெசேஜைப் பார்த்ததும், இந்த மாசம் அடுக்களைச் சுவரில் ஒரு பாகம் நம்முதாயிற்று, இந்த மாசம் வாசப்படி நம்முதாயிற்று என்று மனசுக்குள் எண்ணிக்கொள்வார், சிரிக்காதீர்கள், நிஜமாகவே எண்ணிக்கொள்வார். வாசப்படியாவது மண்ணாங்கட்டியாவது, அந்த மாசம் ஒரு கதவுக் கொண்டி கூட அவருக்குச் சொந்தமாகியிருக்காது.

டிக்கெட் விலையைக் கூட்டவில்லை, அதுதான் அவர்களுடைய சாமர்த்தியம். விலையைக் கூட்டினால் பஸ்ஸே ரெண்டுபடும், இவருக்குத் தெரியாதா, ஒவ்வொரு கட்டண உயர்வுக்கும் முதல் நாள் ஏச்சு வாங்குகிறவன் கண்டக்டர்தான், அம்மையைச் சொல்வான் அப்பனைச் சொல்வான், காதைப் பொத்திக்கொண்டு டிக்கெட் கிழிக்க வேண்டும். பேங்க்காரன் என்ன செய்தான்? அதே முப்பத்தெட்டு ரூபாய்தான் அண்ணாச்சி, சுகமாக உட்காருங்க என்று சொல்லிவிட்டு, பாவூர்சத்திரம் ஸ்டாப்பைப் பிடுங்கிக் கொண்டுபோய் ஆறரை வருஷத்துக்கு அந்தப் பக்கம் நட்டுவிட்டான். பயணி உட்கார்ந்திருக்கிறான், டிக்கெட் கையில் இருக்கிறது, விலை ஏறவில்லை, அவனுக்கு ஒரே சந்தோஷம். தூங்கிக்கூடப் போவான். சீதபற்பநல்லூர், சீதபற்பநல்லூர் வந்தாச்சு, ஏய்யா, உம்மைத்தான், இங்க இறங்கணும்னு சொன்னீருல்லா, தூங்கிட்டா எப்படி? எழுப்பி இறக்கிவிட்டார். தூங்குகிறவனை எழுப்பி இறக்குவது கண்டக்டர் வேலை என்று யாரும் எழுதி வைக்கவில்லை, ஆனாலும் எழுப்புகிறோமா இல்லையா? இருபது வருஷமாக இந்த ஆள் தூங்குகிறானே, இவன் ஸ்டாப் தள்ளிப் போயிற்றே என்று ஒருத்தன், ஒரே ஒருத்தன், தோளைத் தட்டி எழுப்பினானா? “கண்டக்டர் தம்பி,” என்றாள் அந்த அம்மா, மடியில் இருந்த கீரைக்கட்டை இந்தக் கையிலிருந்து அந்தக் கைக்கு மாற்றிக்கொண்டே, “என் ரெண்டு ரூவா மறந்துராதீங்க.” மறக்க மாட்டேம்மா, மறக்கவே மாட்டேன்.

வட்டி ஏறினபோதே கடிதாசி வரத்தான் செய்தது. அதுதான் விஷயம், அங்கேதான் எண்ணம் போய்ப் போய் முட்டுகிறது, மாறாந்தைத் திருப்பத்தில் வண்டி குலுங்கும்போது கம்பியைப் பிடித்துக்கொண்டு நிற்கையிலும் அந்தக் கடிதாசிதான் கண் முன்னால் நிற்கிறது. கடன் வாங்கி ரெண்டாம் வருஷம். வட்டி விகிதம் மாற்றப்பட்டுள்ளது, தங்கள் மாதத் தவணையான 6568 ரூபாயில் மாற்றம் ஏதும் இல்லை என்று தடித்த எழுத்தில் போட்டிருந்தது. அதே மாதிரி இன்னொரு கடிதாசி, இப்போது இந்த வண்டியை ஓட்டுகிற டிரைவர் சவரிமுத்து வீட்டுக்கும் வந்தது. ரெண்டு பேருக்கும் பாவூர்சத்திரத்தில் ஒரே மனைப்பிரிவில் அடுத்தடுத்த வீடு, அதே எட்டு லட்சம், சவரிமுத்து ஒரு மாசம் முந்தி வாங்கினவர், அவ்வளவுதான் வித்தியாசம். சவரிமுத்து மறுநாளே லீவு போட்டுவிட்டு பேங்க்குக்குப் போனார். போய், சார் எனக்குக் காலத்தை நீட்டாதீங்க, தவணையை ஏத்துங்க என்று எழுதிக் கொடுத்துவிட்டு வந்தார். எழுநூற்று நாலு ரூபாய் ஏறிற்று. தானாகப் போய் ஏற்றிக்கொண்டு வந்தவனை உலகத்தில் யாராவது பார்த்திருக்கிறீர்களா? ஆவுடையப்பன் விடுவாரா? டெப்போ கேன்டீனில் எல்லார் முன்னாலும் சொன்னார், “எல்லாரும் நல்லாப் பாத்துக்கிடுங்க, டிக்கெட் பத்துன்னா பதினொண்ணா வச்சுக்கிடுங்கன்னு கண்டக்டர் கால்ல விழுந்த ஆளு இவருதான்.” கேன்டீனே கைகொட்டிச் சிரித்தது. அன்றையிலிருந்து சவரிமுத்துவுக்கு எழுநூத்திநாலு என்று பேராகிவிட்டது. ஏ எழுநூத்திநாலு, வண்டியை எடும்வே. எழுநூத்திநாலு சாப்பிட்டாச்சா? பதினெட்டு வருஷம். சவரிமுத்து ஒரு தடவைகூடக் கோபப்பட்டதில்லை, கோபப்பட்டிருந்தாலாவது ஏன் என்று இவர் யோசித்திருப்பாரோ என்னவோ. போன மாசம் அந்த எழுநூத்திநாலு பேங்க்கிலிருந்து பத்திரத்தை வாங்கி வந்து மாதா படத்துக்கு முன்னால் வைத்துவிட்டு, தெருவுக்கே லட்டு கொடுத்தார். ஆவுடையப்பனும் ரெண்டு லட்டு தின்றார். அடுத்த மாசம் நம்ம லட்டுவே என்று சொல்லிக்கொண்டே தின்றார்.

ஆலங்குளத்தில் அஞ்சு நிமிஷம் நிற்கும். வெயில் தகரத்தில் இறங்கி இன்ஜின் சூட்டோடு சேர்ந்து முகத்தில் அடித்தது, காய்கறி மார்க்கெட்டில் அழுகின தக்காளி வாடை. சவரிமுத்து டீக்கடையில் ரெண்டு டீ சொல்லிவிட்டுத் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே, “என்னவே, பத்திரம் கைக்கு வந்துட்டா? காலைல இருந்து கமுக்கமா இருக்கீரே,” என்றார். ஆவுடையப்பனுக்கு வாய் தானாகவே சொல்லிற்று, “கம்ப்யூட்டரு வேலை செய்யலையாம்வே. நாளைக்கு வரச் சொல்லுதாங்க.” “இதே எழவுதான் அவங்களுக்கு,” என்றார் சவரிமுத்து, “நாளைக்கு நானும் வாரேன், சேந்து போவோம்.” ஐயோ, வேண்டாம்வே. டீயைப் பாதியிலேயே கீழே கொட்டினார். இவனிடம் எப்படிச் சொல்வது? பதினெட்டு வருஷம் ஒரு மனுஷனை ஏமாளி என்று பேர் சொல்லிக் கூப்பிட்டுவிட்டு, ஏமாந்தது நான்தான் என்று எந்த வாயால் சொல்வது? அவர் கட்டினது மாசம் எழுநூற்று நாலு கூட, பதினெட்டு வருஷத்துக்குக் கூட்டினால் ஒன்றரை லட்சம் சொச்சம். அந்த ஒன்றரை லட்சத்தைக் கட்டாமல் சாமர்த்தியமாகத் தப்பித்ததற்கு இவர் இனிமேல் கட்டப் போகிறது அஞ்சு லட்சத்துப் பதினெட்டாயிரம். தப்பித்தானாம்! கணக்குத் தெரியாதவன் என்று யாரும் இவரைச் சொல்ல முடியாது. கை நிறைய டிக்கெட்டும் சில்லறையுமாக ஓடுகிற வண்டியில் மனக்கணக்குப் போடுகிறவர், செக்கிங் இன்ஸ்பெக்டர் ஏறிப் பையைக் கவிழ்த்து எண்ணினால் ஒரு ரூபாய் கூடவும் இருக்காது குறையவும் இருக்காது. ஒரே ஒரு தடவை, கல்யாணமான புதிதில், அஞ்சு ரூபாய் கூட இருந்தது, கூட, குறையவில்லை, அதற்கே மெமோ. அஞ்சு ரூபாய் எங்கிருந்து வந்தது, எழுதிக் கொடு. எழுதிக் கொடுத்தார். இந்த எழுபத்தொன்பது மாசம் எங்கிருந்து வந்தது என்று எவன் எழுதிக் கொடுப்பான்? யாருக்கு மெமோ? சுமை வரக் கூடாது என்றுதான் சார்! அட, உங்க கருணையில இடி விழ!

வண்டி கிளம்பிற்று. புதிதாக ஏறினது பதினாறு பேர், பதினாறு டிக்கெட், கை பாட்டுக்கு மெஷினைத் தட்டுகிறது, அத்தியூத்து ரெண்டு, தென்காசி நாலு, ஜி-பேயா, சரி காட்டுங்க, பணம் வந்துட்டு. மனசு மட்டும் அந்தக் கடிதாசியின் கீழ்ப்பக்கத்தை விட்டு நகர மாட்டேன் என்கிறது. தடித்த எழுத்துக்குக் கீழே பொடி எழுத்தில் என்னவோ இருந்தது. திருத்தப்பட்ட காலம், ஒரு கோடு, 319. காலையில் அந்தப் பெண் பழைய நகலை எடுத்துக் காட்டினபோது, பார்க்கவில்லை, எனக்கு இதெல்லாம் யாரும் சொல்லவில்லை என்று மேஜையில் தட்டிச் சத்தம் போட்டார், பக்கத்துக் கவுன்ட்டரில் எட்டிப் பார்த்தார்கள். இப்போது நினைத்தால், அது பொய். பார்த்தார். பார்க்கத்தான் செய்தார். கிழிந்த நோட்டின் நம்பரை ஓடுகிற வண்டியில் படிக்கிற கண்ணுக்கு அது தெரியாமலா போகும்? 319 என்று இருந்ததைப் பார்த்தார், ஏதோ ஃபாரம் நம்பர் போலிருக்கிறது என்று நினைத்தார், டிரிப் ஷீட்டில், பஸ்ஸில், டோக்கனில், எங்கே பார்த்தாலும் மூணு இலக்க நம்பர்தானே, அதில் ஒன்று என்று மடித்து பீரோவில் வைத்துவிட்டார். மாசக் கணக்கென்று எழுதியிருக்கக் கூடாதா? ஐயா, இருபது வருஷத்தில் முடிய வேண்டியது இருபத்தாறரை வருஷத்தில்தான் முடியும், சம்மதமா என்று ஒரு வரி, பெரிய எழுத்தில், மாற்றம் இல்லை என்பதைப் போட்ட அதே தடியில் போட்டிருந்தால் கை வலித்துவிடுமா அவர்களுக்கு? போடத் தெரிகிறதே, தங்களுக்கு வேண்டியதைத் தடித்த எழுத்தில் போடத் தெரிகிறதே. பொடி எழுத்தில் எழுதினவன் மேலேயும் கோபம், அதை ஃபாரம் நம்பர் என்று நினைத்த மடையன் மேலேயும் கோபம், எது கூட எது குறைச்சல் என்று சொல்லத் தெரியவில்லை. அத்தியூத்தில் இறங்கின பையனிடம் பாக்கி கொடுக்கையில் காசை எறிகிற மாதிரி கொடுத்துவிட்டார், அவன் ஒரு மாதிரி பார்த்துவிட்டுப் போனான்.

அடுத்தது பாவூர்சத்திரம். அங்கே அவர் பெண்டாட்டி உலகம்மை நிற்பாள். இந்த டிரிப்பில் டியூட்டி வருகிற நாளெல்லாம் பஸ் ஸ்டாண்டில் ரெண்டாவது தூண் பக்கத்தில் தூக்குச்சட்டியோடு நிற்பாள், வண்டி நிற்கிற மூணு நிமிஷத்தில் சோற்றைக் கொடுத்துவிட்டு நேற்றைய காலிச் சட்டியை வாங்கிக்கொண்டு போவாள். அவளிடம் என்ன சொல்வது? கம்ப்யூட்டர் வேலை செய்யவில்லை என்று சொல்லலாம். நாளைக்கும் வேலை செய்யவில்லை என்று சொல்லலாம். எழுபத்தொன்பது மாசமும் வேலை செய்யவில்லை என்று சொல்ல முடியுமா? ரிட்டயர்மென்ட் பணத்தை எடுத்து மொத்தமாகக் கட்டி முடித்துவிடுங்க சார், அதுதான் புத்திசாலித்தனம் என்றது அந்தப் பெண், புத்திசாலித்தனத்தைப் பற்றி அவர்கள் சொல்லிக் கேட்க வேண்டியிருக்கிறது. அந்தப் பணம் வந்ததும் மாடியில் ஒரு ரூமும் சின்ன அடுக்களையும் போட்டு வாடகைக்கு விடுவது என்று ரெண்டு பேருமாகப் பேசி வைத்தது. அந்த வாடகை வந்தால் உலகம்மை பீடித் தட்டை மடியிலிருந்து இறக்கிவிடலாம். கல்யாணமாகி வந்த நாளிலிருந்து சுற்றுகிறாள், நாளைக்கு ஆயிரம், இலையை வெட்டித் தூளை வைத்துச் சுருட்டி நூலைக் கட்டி, குனிந்து குனிந்து வலது தோள் இடது தோளைவிட இறங்கியே போய்விட்டது, ரவிக்கை தைக்கிறவள்கூடக் கேட்டாளாம். ராத்திரி பூராவும் இருமல். கடன் முடிகிற மாசம் தட்டு பரணுக்கு, அது அவர் கொடுத்த வாக்கு. போன வாரமே அவள் தட்டையும் கத்தரியையும் கழுவித் துடைத்துப் பரணில் ஏற்றிவிட்டாள், பீடிக்கடையில் போய் இனிமே என் பேருக்கு இலை எடுத்து வைக்காதீங்க என்று சொல்லிவிட்டும் வந்துவிட்டாள். சொல்லிவிட்டு வந்த அன்றைக்குக் கூடத்தில் கையை நீட்டி மல்லாக்கப் படுத்து, சும்மா மோட்டுவளையைப் பார்த்துக்கொண்டு கிடந்தாளே, அந்தக் கிடை. முப்பத்திரண்டு வருஷத்தில் அவள் பகலில் அப்படிக் கிடந்து அவர் பார்த்ததே இல்லை.

அது மட்டுமா? அது மட்டும் என்றால் பேங்க்காரனை வைதுவிட்டு ஆறியிருப்பார். அன்றைக்கு அந்தக் கடிதாசி வந்த சாயங்காலம், சவரிமுத்து வீட்டு அம்மா வந்து என்னவோ சொல்லிவிட்டுப் போனபிறகு, உலகம்மை தட்டிலிருந்து நிமிராமலே சொன்னாள். “நம்மளும் ஏத்திக் கட்டிருவோமா? எழுநூறுதான, நாளைக்கு முந்நூறு பீடி கூடச் சுத்துனா வந்துரும்.” அவர் என்ன சொன்னார்? சொன்னது ஒரு எழுத்து விடாமல் ஞாபகம் இருக்கிறது, மறந்து தொலைக்கக் கூடாதா. “உனக்கு என்ன தெரியும்? பேங்க்காரனே வேண்டாம்ங்கான், நீ போய்ப் போடப் போறியா? சவரிமுத்து மாதிரி என்னையும் கேணையனாக்கப் பாக்குதியா?” அவள் அதற்குப் பிறகு அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. முந்நூறு பீடியை மட்டும் கூடச் சுற்றினாள், அதில் வீட்டுக்கு பெயின்ட் அடித்தார்கள். பெயின்ட்! நாசமாப் போற பெயின்ட். ரெண்டு ரூபாய்க்கு இந்தக் கிழவி மூணு தடவை கேட்டுவிட்டாள், கேட்கக் கேட்க இவருக்கு எரிச்சலாக வந்தது, பாக்கி கேட்கத் தெரிந்தவளைப் பார்த்துத்தான் எரிச்சல் பட்டிருக்கிறார். இருபது வருஷத்தில் ஒரே ஒரு தடவை, ஐயா என் பாக்கி எவ்வளவு என்று அந்தக் கவுன்ட்டரில் போய்க் கேட்டிருந்தால்? கேட்கவில்லை. கேட்டவள் வாயையும் அடைத்தார். பாவூர்சத்திரம், பாவூர்சத்திரம் இறங்குறவங்க எல்லாம் வாங்க.

இரண்டாவது தூண் பக்கத்தில் உலகம்மை நின்றாள். நல்ல சேலை, கல்யாண வீட்டுக்குக் கட்டுகிற மாம்பழக் கலர், தலையில் பூ. பத்திரம் வருகிற நாள் அல்லவா. ஆவுடையப்பனுக்கு முன் படிக்கட்டு வழியாக இறங்கி அந்தப் பக்கமாகப் போய்விடலாமா என்றுகூட ஒரு நினைப்பு ஓடிற்று, அசிங்கமான நினைப்பு. அதற்குள் அந்த அம்மா கீரைக்கட்டோடு வழியை மறித்துக்கொண்டு டிக்கெட்டை நீட்டினாள். “என் ரெண்டு ரூவா.” பையில் துழாவி ரெண்டு ஒற்றை ரூபாய்க் காசை எடுத்து உள்ளங்கையில் வைத்தார். அவள் திருப்பித் திருப்பிப் பார்த்து முந்தியில் முடிந்துகொண்டு, எழுதின டிக்கெட்டை அவர் கையில் திருப்பிக் கொடுத்துவிட்டு இறங்கினாள். உலகம்மை படிக்கட்டருகே வந்து தூக்குச்சட்டியை நீட்டினாள். முகம் பூராவும் சிரிப்பு. “தந்துட்டாங்களா? எங்க, காட்டுங்க, கையைத் துடைச்சிட்டுத்தான் தொடுவேன்.”

கம்ப்யூட்டர் வேலை செய்யலை என்ற வார்த்தை நாக்கு நுனி வரைக்கும் வந்தது. வந்து நின்றது. அவர் காதிலிருந்த பேனாவை எடுத்தார். அந்தக் கிழவி கொடுத்த டிக்கெட்டைத் திருப்பி, 2 என்று இருந்ததைக் குறுக்கே அடித்து, அதற்குக் கீழே 79 என்று எழுதி, முப்பத்தொரு வருஷமாகப் போடுகிற அதே சுழிக் கையெழுத்தைப் போட்டு, மனைவி கையில் கொடுத்தார். “இது என்னது?” என்றாள். “மாசம்,” என்றார். “இன்னும் கட்ட வேண்டிய மாசம். ஸ்டாப்பைத் தள்ளி நட்டுட்டானுங்க உலகு. அன்னைக்கு நீ சொன்னதைக் கேட்டிருந்தேன்னா இது கிடையாது. உனக்கு நான் தர வேண்டியது இது.” அவள் அந்தத் துண்டுக் காகிதத்தையே பார்த்துக்கொண்டு நின்றாள், சிரிப்பு எங்கே போயிற்று என்று தெரியவில்லை. “அந்த எழுநூறா?” என்றாள் மெதுவாக. “எழுநூத்திநாலு,” என்றார். டிரைவர் சீட்டிலிருந்து சவரிமுத்து திரும்பி, “என்னவே, கூப்பிட்டீரா?” என்றார்.

உலகம்மை ரெண்டு பேரையும் பார்த்தாள். அவளுக்கு மூக்கு விடைத்துச் சிவந்துவிட்டது. “எனக்கு என்ன தெரியும்னு கேட்டியள்ல அன்னைக்கு,” என்றாள், பஸ் ஸ்டாண்டில் நாலு பேர் திரும்பிப் பார்க்கிற மாதிரி, “முந்நூறு பீடி எனக்குத் தெரிஞ்சுது, உங்க பேங்க்காரன் என்னத்துக்கு ஏத்த வேண்டாம்னான்னு உங்களுக்குத் தெரியலையே.” பிறகு அந்த டிக்கெட்டை நாலாக மடித்து ரவிக்கைக்குள் இருந்த மணிப்பர்ஸில் வைத்து ஜிப்பை இழுத்தாள். “கையெழுத்துப் போட்டுக் குடுத்திருக்கிய. இறங்குறதுக்குள்ள என் பாக்கியைத் தந்துரணும், ஆமா. கேட்டுக்கிட்டேதான் இருப்பேன்.” தூக்குச்சட்டியைப் படியில் வைத்துவிட்டு, நேற்றைய காலிச் சட்டியை அவர் கையிலிருந்து பிடுங்கிக்கொண்டு நடந்தாள். வீடு இருக்கிற தெரு வடக்கே. அவள் கிழக்கே திரும்பினாள், பீடிக்கடை இருக்கிற பக்கம், மாம்பழக் கலர் சேலையில், வலது தோள் ஒரு பக்கம் இறங்கியபடி, விறுவிறு என்று. ஆவுடையப்பன் விசிலை வாயில் வைத்துக்கொண்டு ஊதாமல் நின்றார். நேரமாயிற்று என்று சவரிமுத்துதான் ரெண்டு தடவை ஹார்ன் அடித்தார்.